மோட்டாரே, நீயே சொல்லு!

"இந்தச் சனியனை முதல்ல சுவத்துலேர்ந்து கழட்டு!"

பெரியவர் போட்ட சத்தத்தில், கடை வாசலில் நின்ற வாடிக்கையாளர் ஒரு படி பின்னால் போனார்.

"என்னப்பா ஆச்சு?" என்றாள் மகள்.

"என்ன ஆச்சா? மத்தியானம் இவரோட மோட்டார் ரெடின்னு பச்சை காட்டுச்சு. நானும் போன் போட்டு வரச் சொன்னேன். மனுஷன் வந்து நிக்கிறாரு, இப்ப சிவப்பு காட்டுது. என் முகத்தை எங்க கொண்டு போய் வெச்சுக்குவேன்?"

அது எரிந்துபோன மோட்டாருக்குச் செம்புக் கம்பியில் புதுக் காயில் கட்டிக் கொடுக்கும் கடை. முன்பக்கம் பெரியவர், பழுதான மோட்டாரை வாங்கி வைப்பார். நடுக்கதவுக்குப் பின்னால் பட்டறையில் அவருடைய தம்பி, சின்னவர். பிரித்து, காயில் கட்டி, ஓட்டிப் பார்ப்பார். இருவரும் பேசி ஆறு வருஷம் ஆகிறது.

பெரியவர் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது தம்பி வந்தது மூன்றாம் நாள். "இருக்கேனா போய்ட்டேனான்னு பாக்க வந்தியா?" என்று எல்லார் எதிரிலும் கேட்டுவிட்டார் பெரியவர். தம்பி வந்த வழியே திரும்பிவிட்டார். இதெல்லாம் மறக்கிற விஷயமா?

ஆனால் தொழில் நடக்க வேண்டுமே. அதனால் இருவரும் மோட்டாரிடம் பேசினார்கள்.

"ஏ தண்ணி மோட்டாரே, உன்னைக் கேட்டு ஆள் வந்திருக்கு!" என்பார் பெரியவர், நடுக்கதவைப் பார்த்து.

"ஏ மோட்டாரே, வார்னிஷ் இன்னும் காயலைன்னு சொல்லு!" என்று உள்ளேயிருந்து பதில் வரும்.

வந்தவர்கள் வாயைப் பொத்திச் சிரித்தார்கள். லீவில் வந்திருந்த மகளுக்கு மானம் போனது. லேப்டாப்பில் ஏ.ஐ.யைத் திறந்து, கடை நடக்கிற விதத்தைச் சாதாரணத் தமிழில் எழுதினாள். சாயங்காலத்துக்குள் அது ஒரு ஆப் செய்து கொடுத்துவிட்டது. பெரியவர் முன்மேசை கம்ப்யூட்டரில் மோட்டாரின் விவரத்தை ஏற்றுவார். சின்னவர் வேலை முடிந்ததும் தன் போனில் தட்டுவார். சுவரில் மாட்டிய திரையில் முடிந்தது பச்சை, முடியாதது சிவப்பு. தப்பாகத் தட்டிவிட்டால் இரண்டிலிருந்தும் நிறத்தை மாற்றிக்கொள்ளலாம். யாரும் யாரிடமும், மோட்டாரிடமும்கூட, பேசத் தேவையில்லை.

முதல் வாரம் ஒரு குறையும் இல்லை. கடையில் ஈ பறந்தால் கேட்கும்.

இரண்டாவது வாரம் ஆரம்பித்தது வினை. பச்சையாக இருந்த மோட்டார் திடீர் திடீரென்று சிவப்பானது. ஒவ்வொரு தடவையும் பெரியவர் நடுக்கதவுக்கு ஓடினார்.

இப்போதும் ஓடினார்.

"ஏ ரெண்டு ஹெச்பி மோட்டாரே! மத்தியானம் பச்சை, இப்ப சிவப்பா? நீ என்ன பச்சோந்திக்குப் பொறந்தியா?"

"மோட்டாரே, நீ ரெடியாத்தான் இருக்கேன்னு சொல்லு. கத்தினா பிரஷர் ஏறும்னும் சொல்லு!"

"என் பிரஷரைப் பத்தி உனக்கென்ன கவலை மோட்டாரே?"

"மாத்திரை போட்டாச்சான்னு கேளு மோட்டாரே!"

"போட்டாச்சு, போட்டாச்சு!"

வாடிக்கையாளர் சிரிப்பை அடக்கிக்கொண்டு மோட்டாரை வாங்கிப் போனார்.

"பாத்தியா? எல்லாம் உன் ஆப் பண்ற கூத்து. கழட்டு அதை" என்றார் பெரியவர் மகளிடம்.

"ஆப் தானா மாத்தாதுப்பா. யாரு, எதுலேர்ந்து மாத்துனாங்கன்னு ரிப்போர்ட் எடுத்தா தெரிஞ்சுடும்."

"ரிப்போர்ட்டும் வேண்டாம், ஒரு மண்ணும் வேண்டாம்" என்று பெரியவர் வாசலுக்குப் போய்விட்டார்.

மகளுக்கு ரோஷம் வந்துவிட்டது. ஏ.ஐ.யிடம் கேட்டாள். அரை நிமிஷத்தில் பட்டியல் வந்தது. மொத்தம் பதினொரு தடவை பச்சை சிவப்பாகியிருந்தது. முதல் ஏழு வரியிலும் சித்தப்பாவின் போன்.

அதற்கு மேல் படிக்கவில்லை. நேரே பட்டறைக்குப் போனாள்.

"ஏன் சித்தப்பா இப்படிப் பண்றீங்க? கடைப் பேரு கெட்டுப் போகாதா?"

சின்னவர் கையிலிருந்த செம்புக் கம்பியைக் கீழே வைத்தார். மறுக்கவில்லை.

"ஆப் வந்ததும் ஒரு வாரம் முன்பக்கம் சத்தமே இல்லம்மா. உங்கப்பா உக்காந்திருக்காரா, மயங்கிக் கிடக்காரான்னு தெரியல. தண்ணி குடிக்கிற சாக்குல பத்துத் தடவை எட்டிப் பாத்தேன். மோட்டாரைத் திட்டினாலாவது குரல் கேக்கும்ல?"

"அதுக்கு நேராப் போய்ப் பேச வேண்டியதுதானே?"

"அன்னிக்கு ஆஸ்பத்திரியில அவரு கேட்ட கேள்விக்கு நானாப் போய்ப் பேசுவேனா?" என்று முறைத்தார். பிறகு குரலை இறக்கி, "இனிமே தட்ட மாட்டேன். அப்பாகிட்ட சொல்லிடாதேம்மா" என்றார்.

சொல்வதா வேண்டாமா என்று யோசித்தபடியே வந்து உட்கார்ந்து, மிச்சம் இருந்த நாலு வரியைப் படித்தாள். தலையைத் தூக்கி வாசலைப் பார்த்தாள்.

"என்ன, ரிப்போர்ட் வந்துடுச்சா?" பெரியவர் வாசலிலிருந்தே கேட்டார். பக்கத்தில் வரவில்லை.

"வந்துடுச்சுப்பா. ஆப்லதான் கோளாறு. சரி பண்ண முடியாது. எடுத்துடறேன்."

"நான்தான் சொன்னேனே! நம்ம கடைக்கு இதெல்லாம் ஒத்து வராதுன்னு."

அவளே ஸ்டூல் மேல் ஏறித் திரையைக் கழற்றினாள். இறங்குவதற்குள் பெரியவர் நடுக்கதவுக்குப் போய்விட்டார்.

"ஏ மிக்ஸி மோட்டாரே! இன்னிக்கு முடிவியா, நாளைக்கா?"

"நாளைக்குன்னு சொல்லு மோட்டாரே!"

பதில் வந்த பிறகும் பெரியவர் நகரவில்லை. கேட்க வேறு ஏதாவது மோட்டார் இருக்கிறதா என்று யோசிப்பவர் போலக் கதவருகிலேயே நின்றார்.

அவர் திரும்பிப் பார்ப்பதற்குள் மகள் லேப்டாப்பை மூடினாள். அந்தக் கடைசி நாலு மோட்டாரையும் சிவப்பாக்கியது முன்மேசை கம்ப்யூட்டர். அதை அப்பாவைத் தவிர வேறு யாரும் தொடுவதில்லை.