லஸாத் வழக்கு

துனீசியாவின் ஸ்ஃபாக்ஸ் நகர நீதிமன்ற வராந்தாவில் லஸாத் காலை ஆட்டிக்கொண்டே உட்கார்ந்திருந்தான். அரசு மருத்துவமனையின் மருந்துக் கிடங்கில் பதினாறு வருடம் வேலை பார்த்தவன். தடுப்பூசிகளைக் கெடவிட்டான் என்று டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். அதை எதிர்த்து அவன் போட்ட வழக்கு இன்று விசாரணைக்கு வருகிறது.

"காலை ஆட்டாதே. இந்த ரொட்டியைச் சாப்பிடு, டூனா மீனும் ஹரிஸா மிளகாய் விழுதும் வெச்சிருக்கேன்" என்றாள், பக்கத்தில் உட்கார்ந்திருந்த ராதியா.

"தோத்துட்டேன்னா?"

"தோக்க மாட்டே. ஜட்ஜ் கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு. மிச்சத்தை நான் பாத்துக்கறேன்."

வாசல் காவலாளி சிரித்தான். "இவ்ளோ தைரியமாப் பேசறீங்களே, வக்கீலம்மாவா?"

"இல்லப்பா."

"அப்போ வீட்டம்மாவா?"

"ஐயோ, இவனையா? ஆபீஸ்ல பாத்ததே போதும்!"

பயத்தை மீறி லஸாதுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

உள்ளே அழைத்தார்கள். நீதிபதி கோப்பைப் புரட்டினார்.

"மருத்துவமனை தரப்புல யாரு?"

ராதியா எழுந்தாள். "நான்தான் ஐயா, நிர்வாக அதிகாரி. டிஸ்மிஸ் ஆர்டர்ல கையெழுத்துப் போட்டதும் நான்தான்."

"போடறதுக்கு முன்னாடி இவரை விசாரிச்சீங்களா?"

"இல்லை. ஃப்ரிட்ஜ் ரிப்பேர்னு இவர் எழுதின மூணு கடிதமும் என் மேஜையில பிரிக்காமலே கிடந்துது. போன மாசம்தான் பாத்தேன். இவர் வீட்டுக்கே போய் மன்னிப்புக் கேட்டேன். அந்த ஆர்டர் செல்லாதுன்னு சொல்லிடுங்க."

நீதிபதி பணிநீக்கத்தை ரத்து செய்தார். பிறகு பேனாவை மூடிவிட்டு அவளைப் பார்த்தார்.

"இதுக்காக உங்க வேலை போகலாம், தெரியுமில்ல?"

"தெரியும் ஐயா. என்னை விசாரிச்சுட்டு அனுப்பினா, பேசாம போயிடுவேன். விசாரிக்காம அனுப்பினா, நேரா இங்கேதான் வருவேன்."