அஸீபா சொன்ன சாட்சி

"இன்னும் சத்தமா ஏசு புள்ள! வங்கிக்காரனுக்குக் காது கேக்க வேண்டாமா?"

கதிரையில் கால்மேல் கால் போட்டுக்கொண்டு, தன்னைத் திட்டுவது எப்படி என்று தன் மனைவிக்கே சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார் வஸீர்.

"இந்த மனுசன் என்னை ஏமாத்தி..." என்று அஸீபா இழுத்தாள்.

"இதென்ன, கடையில உப்புக் கேக்கிற மாதிரி? அழுதுகொண்டு சொல்லு. வாப்பா எனக்குச் சீதனமாத் தந்த வீட்டைத் தன்ர பேருக்கு எழுதினவர், எனக்குத் தெரியாம ஈடு வச்சவர் எண்டு சொல்லு."

"இது உண்மைதானே?"

"உண்மையெண்டா இன்னும் லேசு!"

எல்லாம் வஸீரின் கடலட்டைப் பண்ணை செய்த வேலை. எருக்கலம்பிட்டிக் கடலில் வங்கிக் கடனில் அவர் வேலியடித்து விட்ட கடலட்டைகள், ஒரே ஒரு காற்றுக்கு வேலியையும் கூட்டிக்கொண்டு இராமேசுவரம் பக்கம் போய்விட்டன. கடன் மட்டும் போகவில்லை. பதினான்கு நாளில் கட்டாவிட்டால் வீடு ஏலம் என்று வங்கியிடமிருந்து கடிதம் வந்தது.

"பதினாலு நாள்! குர்பானி ஆட்டுக்குக்கூட இதைவிடக் கூடத் தவணை குடுக்கிறம்!" என்று வஸீர் குதித்தார்.

வழி சொன்னவர் சட்டத்தரணி சிங்கராசா. வீடு என் சீதனம் என்று அஸீபாவே வங்கிக்கும் புருசனுக்கும் எதிராக வழக்குப் போட்டால் ஏலம் நிற்கும்.

"வழக்கில வெண்டா வீடு எனக்கோ?" என்று அஸீபா கேட்டாள்.

"கடதாசியில மட்டும் புள்ள."

"சட்டம் கடதாசியைத்தானே பாக்கும்?"

"அதுதானே எங்கட கெட்டித்தனம்!" என்று வஸீர் வீடு அதிரச் சிரித்தார்.

வஸீர் பாடமாக்கிக் கொடுத்தது ஐந்து குற்றச்சாட்டுகள். மன்னார் நீதிமன்றத்தில் அஸீபா பதினேழு சொன்னாள். காப்பை விற்றது, மகளின் படிப்புக் காசில் மோட்டார்சைக்கிள் வாங்கியது, அவள் பிள்ளைப்பேற்றுக்குப் போய் ஆஸ்பத்திரியில் கிடந்த அன்று அவர் அடம்பனில் மாட்டுவண்டிச் சவாரிப் போட்டி பார்த்தது... எழுதிக்கொண்டிருந்தவருக்குக் கை வீங்கிவிட்டது. வங்கியின் சட்டத்தரணியே கண்ணைத் துடைத்தார். நீதிபதி பார்த்த பார்வையில் வேறு ஆளென்றால் கருகியிருப்பான். வஸீரோ பக்கத்திலிருந்தவரின் தொடையில் தட்டி, "என்னமா நடிக்கிறாள் பாத்தீங்களோ!" என்று பூரித்துப்போனார்.

முதலில் தடை உத்தரவு கிடைத்தது. ஒன்றரை வருடத்தில் தீர்ப்பும் வந்தது. ஈடு செல்லாது, வீடு அஸீபாவுக்கே சொந்தம்.

அன்று பின்னேரம் வஸீர் ஒரு கையில் வட்டிலப்பத்தோடும் மறு கையில் இன்னொரு வங்கியின் கடன் விண்ணப்பப் போமோடும் வீட்டுக்கு வந்தார்.

"இனி வீட்டில ஒரு வில்லங்கமும் இல்ல. இந்த முறை நண்டுப் பண்ணை! இதில ஒரு கையெழுத்துப் போடு புள்ள."

"பேனையைத் தாங்கோ."

பேனையை வாங்கிய அஸீபா அலுமாரியைத் திறந்தாள். மடித்து வைத்திருந்த வேறொரு கடதாசியை எடுத்து, அதில் அன்றைய திகதியைப் போட்டு நீட்டினாள். மேலே சிங்கராசாவின் பெயர் அச்சடித்திருந்தது.

'எனது கட்சிக்காரரின் வீட்டில் அவரது விருப்பமின்றித் தங்கியிருக்கும் வஸீர், பதினான்கு நாள்களுக்குள் வெளியேற வேண்டும்.'

வஸீர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "வழக்கு முடிஞ்சுது புள்ள, இனி நடிப்பை விடு!"

"லோயர் ஐயா இதை ஒண்டரை வருசத்துக்கு முந்தியே எழுதித் தந்திட்டார். நீங்கள் திரும்பவும் போமோட வந்தா மட்டும் திகதி போடுவம் எண்டு வச்சிருந்தனான்."

வட்டிலப்பத்தை மட்டும் வாங்கிக்கொண்டு உள்ளே போன அஸீபா, திரும்பிப் பார்த்துக் கேட்டாள்: "நீங்கள் பாடமாக்கித் தந்தது அஞ்சுதானே, மற்றப் பன்னிரண்டும் ஆர் சொல்லித் தந்ததெண்டு நினைச்சீங்கள்?"