சென்ட் இருபது ரூபாய்

சென்ட்டுக்கு இருபது ரூபாய் என்று தனித் தாசில்தார் வாசித்து முடித்ததும், பள்ளிக்கூடத்து மைதானத்தில் இருந்த அத்தனை பேரும் செல்வதுரையைப் பார்த்தார்கள்.

பார்க்கத்தான் செய்வார்கள். ஞாயிற்றுக்கிழமை வேதக்கோயிலில் ஜெபம் வாசிக்கிற வாய் தாசில்தாரிடமும் எடுபடும் என்று நம்பி, நாற்பது குடும்பமும் அவனை முன்னால் தள்ளிவிட்டிருந்தது.

தொழிற்பேட்டைக்காக அரசாங்கம் எடுப்பது நூற்றுப் பத்து ஏக்கர் கரிசல். மானாவாரிதான். இருந்தாலும் பரளச்சிப் பக்கம் சென்ட் நூறு ரூபாய்க்குக் கீழே கேட்டால் ஆளை உட்காரக்கூடச் சொல்லமாட்டார்கள். இருபது ரூபாய்க்கு அருப்புக்கோட்டையில் ஒரு கிலோ கறி வராது.

செல்வதுரை துண்டைக் கையில் எடுத்துக்கொண்டு மேசைப் பக்கம் போனான்.

“எந்தக் கணக்குலய்யா இருபது ரூவா?”

தாசில்தார் பொல்லாதவர் இல்லை. பொறுமையாகவே அவனிடம் சொன்னார். நோட்டீஸ் போடுவதற்கு முந்தின வருஷம் அதே மண்ணில் நடந்த கிரயத்தைப் பார்த்துத்தான் விலை வைப்பார்கள். மற்றப் பத்திரங்களிலெல்லாம் பணம் முன்னமே கைமாறிவிட்டதாக வெறும் எழுத்துதான் இருந்தது. ஒன்றே ஒன்றில்தான், ரூபாயைத் தன் கண்முன்னால் எண்ணிக் கொடுத்ததாக சப்-ரிஜிஸ்திராரே எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தார். கோர்ட்டுக்குப் போனாலும் அது அசையாது.

யாரோ எழுதின ஒற்றைப் பத்திரத்தால் வந்த விலை என்பது மட்டும் பின்னால் பரவ, கூட்டம் கொதித்துவிட்டது. அதில் பெரிய சத்தம் இன்பராணியுடையது. செல்வதுரையின் கூடப்பிறந்த தங்கை. புருஷன் செத்த கையோடு புகுந்த வீட்டார் வெளியே அனுப்ப, இங்கே வந்து இருபது சென்ட்டில் குடிசை போட்டு இரண்டு பிள்ளைகளை வளர்க்கிறாள். அந்த இருபது சென்ட்டும் இந்த நூற்றுப் பத்து ஏக்கருக்குள் போகிறது. நூறு ரூபாய் விலை கிடைத்தால் வேறெங்காவது ஒரு மனை வாங்கலாம் என்று நேற்றுவரை சொல்லிக்கொண்டிருந்தாள்.

“எந்த வெளங்காதவன் எழுதுன பத்திரம்னு கேளுண்ணே” என்று கத்தினாள்.

செல்வதுரை கேட்டான். தாசில்தார் நகலைத் திருப்பி அவன் பக்கம் வைத்தார்.

விற்றவர் என்ற இடத்தில் அவன் பெயர் இருந்தது. வாங்கியவர் இன்பராணி. இருபது சென்ட், நானூறு ரூபாய்.

அவள் பிள்ளைகளோடு வந்து நின்றபோது அந்த இடத்தைச் சும்மாதான் கொடுக்க நினைத்தான். அவள் ஒரேயடியாக மறுத்தாள். பிச்சை வாங்கிக் குந்தியிருக்கிறாள் என்று ஒரு நாக்கு சொன்னாலும் தூக்குப் போட்டுக்கொள்வேன் என்றாள். தன்னிடம் இருந்த இரண்டு ஆட்டை விற்று நானூறு ரூபாய் கொண்டுவந்தாள். பின்னால் யாரும் ஒரு வார்த்தை பேசிவிடக்கூடாது என்றுதான், சப்-ரிஜிஸ்திரார் மேசையில் வைத்து அதை எண்ணிக் கொடுக்கச் சொன்னான். சொன்னவன் அவன்தான். அன்றைக்கு பஸ்ஸில் திரும்பி வரும்போது நல்ல காரியம் செய்த நிம்மதியில் அசந்து தூங்கியும் விட்டான்.

குனிந்து, தாசில்தாருக்கு மட்டும் கேட்கிறமாதிரி, இது விலையே இல்லைய்யா, தங்கச்சிக்குக் கொடுத்தது என்றான்.

அவர் நகலைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். “அப்படின்னு எழுதிக் குடுங்க, வாங்கிக்கிறேன். ஆனா எண்ணிக் குடுத்த பணத்த நான் எப்படிங்க இல்லேம்பேன்?”

நாற்பது குடும்பத்தின் நிலத்துக்கும் அவன்தான் விலை வைத்திருக்கிறான்.

திரும்பினான். நாலைந்து பேர் ஒரே நேரத்தில் யார் யார் என்றார்கள்.

இன்பராணி கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள். அதற்குள் மைதானத்து மண்ணை ஒரு கை அள்ளியிருந்தாள். சபித்துத் தூற்றுகிற மண், அது போகிற திசையில் இருக்கிற எதிரியின் குடும்பத்தை விடாது என்று நம்புகிறவள். கோயிலில் பாதிரி ஐயர் எத்தனை தடவை கண்டித்தும் அந்த நம்பிக்கை மட்டும் போகவில்லை.

“பேரு சொல்ல வேண்டாம்ணே. எந்தத் திசையில இருக்கான், அத மட்டும் சொல்லு.”

செல்வதுரை மேற்கே கையைக் காட்டினான்.

மேற்கே என்றால் அருப்புக்கோட்டை என்று எடுத்துக்கொண்டாள். டவுன்காரன் எவனோ செய்த வேலை. வயிற்றெரிச்சலையெல்லாம் சேர்த்து, வாய்விட்டுச் சபித்து, அந்தப் பக்கம் மண்ணை ஓங்கி வீசினாள்.

பள்ளிக்கூடத்துக்கு மேற்கே, அருப்புக்கோட்டைக்கு ரொம்ப முன்னால், செல்வதுரையின் வீடு இருந்தது. அவன் பெண்டாட்டி பியூலா வாசலில் மல்லி காயப்போட்டுக்கொண்டிருந்தாள்.