முதல் பிரதி

மயிலாப்பூர் அரங்கில் புத்தக வெளியீடு தொடங்கும் நேரத்தில் கபாலி மேடைக்குப் பின்னால் ஓடி வந்தான்.

“மச்சி, அந்த அக்கா வந்துக்கீது. முன் வரிசைல குந்திக்கினு கீது.”

சுஹாஸ் சட்டைக் கையை மடித்துக்கொண்டிருந்தான். “எந்த அக்கா?”

“குல்ஷன் அக்காடா. ஷோல நீ பாய் மாதிரி பேசிக் காட்டுனப்போ எழுந்து, ‘யாரு நம்பள்கி நிம்பள்கின்னு பேசறா? எங்க வீட்டுக்கு வந்து கேளு’ன்னு உன்னை வாங்கு வாங்குன்னு வாங்குச்சே. அந்த வீடியோவாலதான உன் ஷோ எல்லாம் போச்சு? வெளிய அனுப்பிடட்டா?”

“உக்காரட்டும், விடு.”

காமெடியை விட்டு எழுத வந்த நண்பனின் முதல் நாவல். இதுவும் கெட்டுவிடக் கூடாதென்று கபாலி மைக் சுவிட்சில் விரலை வைத்தபடியே நின்றான்.

சுஹாஸ் மேடையேறினான். “முதல் பிரதியைக் குல்ஷன் அக்கா வாங்கிக்கணும். அன்னிக்கு வீட்டுக்கு வந்து கேளுன்னாங்க. போனேன். ரெண்டு வருஷமா எழுதினதையெல்லாம் அங்கதான் படிச்சுக் காட்டினேன். அவங்க சிரிச்ச பக்கம் மட்டும்தான் இந்தப் புத்தகத்துல இருக்கு.”

கைதட்டல் அடங்குவதற்குள் புத்தகத்தை வாங்கிக்கொண்ட குல்ஷன், மைக்கைக் கேட்டார். கபாலியின் விரல் சுவிட்சில் இறுகியது.

“இப்பவும் பொய் சொல்றியே தம்பி. கடைசி அத்தியாயத்துக்கு நான் எங்க சிரிச்சேன்? அழுதேன்ல?”