மூன்றாவது மைக்

கார்ட்டூன் நரிக்குட்டிக்குப் பதினெட்டு வருடம் குரல் கொடுத்த மட்சுயே அம்மா போன மாதம் இறந்துபோனார். அவர் இடத்துக்கு ஷிஹோ வந்திருந்தாள். டோக்கியோவின் அந்த ஒலிப்பதிவு அறையில் ஒன்பது பேருக்கு மூன்றே மைக். வசனம் வருகிறவருக்கு மற்றவர்கள் சத்தமில்லாமல் விலகி வழிவிட வேண்டும்.

திரையில் நரிக்குட்டி வாயைத் திறந்தது. மூன்றாவது மைக்கின் முன்னால் நின்றவர்கள் பழக்கத்தில் இடதுபக்கம் வழிவிட்டார்கள். மட்சுயே எப்போதும் அந்தப் பக்கமிருந்துதான் வருவார். வலதுபக்கம் நின்ற ஷிஹோவால் மைக்கை நெருங்கவே முடியவில்லை. அவள் ஒரு சொல்கூடப் பேசாமலே காட்சி முடிந்தது. மன்னிப்புக் கேட்கத் தலைகுனிந்தாள்.

கண்ணாடிக்கு அப்பாலிருந்து இயக்குநர் சொன்னார்: "பிரமாதம், ஷிஹோ! அச்சு அசல் மட்சுயேம்மா குரலேதான். அடுத்த சீன் போலாம்."

விலகி நின்றவர்கள் யாரும் அந்த இடதுபக்க இடைவெளியை மூடவில்லை.