செஸைல் என்றால் என்ன?

ஓய்வுபெற்ற வங்கி மேனேஜர் சோபாவில் சாய்ந்தபடி டிவி பார்த்துக்கொண்டிருந்தார். கல்லூரியில் விலங்கியல் பாடம் எடுக்கும் அவர் மனைவி, பக்கத்து அறையில் வீட்டு போனில் யாருக்கோ விளக்கிக்கொண்டிருந்தாள்.

“அதுக்குப் பேரு செஸைல்மா. சின்ன வயசுல ஓடியாடித் திரியும். ஒரு இடத்துல ஒட்டிக்கிச்சுன்னா அவ்வளவுதான், ஆயுசுக்கும் நகராது. சாப்பாடு கிட்ட வந்தா வாயைத் திறக்கும்; இல்லேன்னா மூடிக்கும்.”

மேனேஜருக்குச் சுருக்கென்று தைத்தது. எழுந்தார். துணி காயப்போட்டார், பாத்திரம் துலக்கினார், ஸ்டூல் மேல் ஏறி ஒட்டடைகூட அடித்தார். சாயங்காலம் இடுப்பைப் பிடித்துக்கொண்டு கேட்டேவிட்டார்.

“ஏம்மா, நான் செஸைலா?”

மனைவி விழுந்து விழுந்து சிரித்தாள். “அடக் கடவுளே! ஒரு மாணவிக்குப் பாறையில ஒட்டுற கடல் சிப்பியைப் பத்திச் சொல்லிட்டிருந்தேங்க. காம்பில்லாம தண்டோட ஒட்டியிருக்கிற இலைக்கும் அதே வார்த்தைதான். நீங்க ஏன் எடுத்துத் தலையில போட்டுக்கறீங்க?”

“அதானே பார்த்தேன்!”

போன உயிர் திரும்பி வந்தது. சோபாவில் தொப்பென்று விழுந்தார். மனைவி குளிக்கப் போனாள்.

அழைப்பு மணி அடித்தது. வேறு வழியில்லாமல் அவரே போய்க் கதவைத் திறந்தார். வாசலில் தோளில் வயரோடு ஒரு ஆள்.

“டெலிபோன் ஆபீஸ் சார். உங்க லைன் ஒரு வாரமா செத்துக் கிடக்குன்னு மேடம் புகார் கொடுத்திருந்தாங்களே, இன்னிக்குத்தான் வர முடிஞ்சுது.”