கப்பல் மாத்திரை

ஒரு ரூபாய் இருபத்தைந்து சதம். பஸ் கழுவிய கூலி.

போன மாதம் உடப்புசல்லாவை–நுவரெலியா பஸ்ஸில் கந்தப்பன் எடுத்த வாந்திக்குக் கண்டக்டர் முனாப் போட்ட கணக்கு அது. டிக்கட் புத்தகத்தின் பின் அட்டையில் பென்சிலால் எழுதி வைத்திருந்தான்.

கடன் கிடக்கட்டும். அன்றைக்கு வெட்கப்பட்டுப் பாதி வழியில் இறங்கித் தேயிலைத் தோட்டத்துக்கே திரும்பி நடந்ததில், நுவரெலியாவில் நடந்த பிரஜாவுரிமை விசாரணையும் போய்விட்டது. மறு தேதி இன்று, பத்தரை மணி. இன்றும் வராவிட்டால் மனு தள்ளுபடி என்று கடிதம் சொன்னது.

ஐம்பது வயதுக்கு மேல் எழுத்துக் கற்றவன் கந்தப்பன். பெருவிரலை நீட்டாமல் கையெழுத்தே போட்டுவிடலாம் என்று ஒரு மாதமாகத் தன் பெயரை எழுதி எழுதிப் பழகியிருந்தான்.

காலையில் பஸ் ஏறும்போதே முனாப் ஒரு காகிதப் பொட்டலத்தைக் கையில் திணித்தான்.

"கப்பல்ல இந்தியாவுக்குப் போறவங்க போடுற மாத்திரைண்ணே. வாந்தி வராது. நம்ம பஸ்ஸையும் ஒரு கப்பலா நெனச்சுக்குங்க."

தோட்டத்தில் வயிற்றுப் பூச்சிக்கு மருந்து கொடுத்தால், டிஸ்பென்சர் ஐயா கண் முன்னாலேயே விழுங்கி, வாயைத் திறந்து, நாக்கைத் தூக்கிக் காட்ட வேண்டும். காட்டினால்தான் வேலைக்கு விடுவார். முப்பது வருடப் பழக்கம். கந்தப்பன் விழுங்கிவிட்டு வாயைத் திறந்து காட்டினான். அதற்குள் முனாப் பஸ்ஸுக்கு ஆள் கூவிக் கூப்பிடப் போய்விட்டான்.

வாந்தி வரவில்லை. வேறெதுவும் வரவில்லை.

ராகலை தாண்டி இப்போது மூன்றாவது தடவையாக பஸ் நிற்கிறது. கந்தப்பன் ரோட்டோரத் தேயிலைச் செடிக்குப் பின்னால், பனிமூட்டத்தில், வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். விடிய எழுந்து குடித்த தேயிலைச் சாயத்தண்ணி முழுக்க அடிவயிற்றில் குடமாக இறுகிக் கிடக்கிறது. நாக்கு வாடிய கொழுந்தாக அண்ணத்தில் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

ஒரு சொட்டு இறங்கவில்லை.

நாற்பது வருடமாக இந்த மலையில் எந்தச் செடிக்கும் குறை வைக்காதவன். இந்த மண்ணுக்கு நானும் சொந்தம் என்று சொல்லப் போகிற நாளாகப் பார்த்தா உடம்பு கஞ்சத்தனம் பண்ண வேண்டும்?

சீட்டியடித்துப் பார்த்தான். வறண்ட வாயில் காற்றுதான் வந்தது.

அதே விசாரணைக்குப் போகிற அம்மாக்கண்ணு ஜன்னல் வழியே தலையை நீட்டினாள்.

"ஏண்ணே, ஒரம் போடப் போனீங்களா, கவ்வாத்து வெட்டப் போனீங்களா? எங்க மனுவையும் சேர்த்துத் தள்ளுபடி ஆக்கிராதீங்க!"

பஸ்ஸே சிரித்தது. டிரைவர் ஹோர்னை அழுத்தினார். மணி ஒன்பதரை தாண்டிவிட்டது.

கந்தப்பன் வேட்டியை இறக்கினான். ஏறி, காலைப் பின்னிக்கொண்டு உட்கார்ந்தான். ரோட்டில் எத்தனை குழி இருக்கிறது என்று அன்றைக்குக் கேட்டிருந்தால் சரியாகச் சொல்லியிருப்பான்.

நுவரெலியாவில் இறங்கும்போது பத்தேகால். முனாப் கையை நீட்டினான்.

"மீதி மூனு மாத்திரையைக் குடுங்கண்ணே. திரும்பி வர்றப்ப ஒன்னு தாறேன்."

கந்தப்பன் பழக்கதோஷத்தில் வாயைத் திறந்து, நாக்கைத் தூக்கிக் காட்டினான்.

முனாப் அந்த வாய்க்குள் எட்டிப் பார்த்தான்.

"நாலுமா? அல்லாவே! ஒரு மாத்திரைக்கே நாக்கு வறளும், சிலருக்கு நீர் கட்டிக்கும்னு மருந்துக் கடையில சொன்னாங்களே!"

காதில் செருகியிருந்த பென்சிலை எடுத்து, பின் அட்டையில் ஒன்றேகால் ரூபாயின் மேல் நீளமாக ஒரு கோடு இழுத்தான்.

"இனிமே வாந்தியே எடுங்கண்ணே. ஒரு வாளித் தண்ணியோட போயிரும். இப்ப ஓடுங்க ஆஸ்பத்திரிக்கு!"

ஆஸ்பத்திரி வலப்பக்கம். விசாரணைக் கந்தோர் இடப்பக்கம்.

கந்தப்பன் தொடையை இடுக்கிக்கொண்டு, கையெழுத்துப் போடும் விரல்களை மடக்கி நீட்டியபடி, இடப்பக்கம் ஓடினான்.